ஆறு நாள் தாடி

ஜூலை 7, திங்கள்
விடியற்காலையிலிருந்து மழை. தாடி ட்ரிம் செய்தாயிற்று. சீனில் இருப்பது ஆறு நாள் தாடி. பதினேழு நாளாக அதே அளவில் வைத்திருக்கிறேன்.

சின்ன வங்காளிப் படம், வீடு வாடகைக்கு எடுக்க வசதியில்லை, அதனால் என் வீடே செட். கடைசி நாள் கரண்ட் போய் என் சீன் பாதியில் நின்றது. உதவி இயக்குநர் ரிக் போகிற போக்கில் சொன்னது: "காக்கு, எதையும் நகர்த்தாதீங்க. மிச்சத்தை எடுக்க வருவோம்." யூனிட்டில் எல்லோருக்கும் நான் காக்கு, அதாவது சித்தப்பா.

நகர்த்தாதவை:
ஹால் நாற்காலி
பாதி டீயோடு கிளாஸ்
ஜூன் மாதக் காலண்டர்
ஜன்னல் கம்பியில் துண்டு

துறைமுக ஆபீசில் ரிடையரான பிறகு பதினொரு படம். பிணம், வாட்ச்மேன், க்யூவில் நிற்பவன். பேசும் வேஷம் இதுதான் முதல். நாலு வரி, அதுவும் தமிழில்!

ஜூலை 9, புதன்
வேலைக்கு வரும் மாலதி கிளாஸைக் கழுவ எடுத்துவிட்டாள். "எறும்பு மொய்க்குது தாதா." இங்கே அண்ணனுக்கு தாதா, அக்காவுக்கு தீதி. கத்திவிட்டேன். பாவம், முகம் சுண்டிப் போயிற்று.

நம்மூர்ச் சாமான் கிடைக்கும் லேக் மார்க்கெட். கறிவேப்பிலை, இட்லி அரிசி. கடைக்காரர்: "என்ன சார் தாடி, உடம்புக்கு முடியலையா?" படம் என்றேன். "எந்தத் தியேட்டர்ல வருது?" தெரியவில்லை. பேச்சு அதோடு நின்றது. இன்று வேறு யாரோடும் பேசவில்லை.

ஜூலை 10, வியாழன்
கோயம்புத்தூரிலிருந்து மகள் கல்யாணி. "ஞாயித்துக்கிழமை வளைகாப்புப்பா. ஆடி பொறக்கறதுக்குள்ள வேற நாளே இல்ல. அம்மாவும் இல்ல, நீங்களாச்சும் வருவீங்கல்ல?"

போய் வர ஒரு வாரம். அதற்குள் ரிக் கூப்பிட்டுவிட்டால்? மெசேஜ் அனுப்பினேன். நீல டிக் விழுந்தது. பதில் இல்லை.

ராத்திரி கல்யாணியிடம், "ஷூட்டிங் இருக்கும்மா." "சரிப்பா" என்றாள். திட்டியிருந்தால் தேவலை.

ஜூலை 13, ஞாயிறு
வீடியோவில் வளைகாப்பு. மாப்பிள்ளைதான் போனைப் பிடித்துக்கொண்டிருந்தார். இரண்டு கை நிறைய வளையல். கொஞ்சம் இளைத்த மாதிரி இருந்தாள். "பொண்ணோட அப்பா எங்க?" என்று யாரோ ஓர் அம்மாள். "அவர் நடிகருங்க, ஷூட்டிங்ல இருக்கார்" என்றார் மாப்பிள்ளை.

நாற்காலியைத் தொடக்கூடாது, தரையில் உட்கார்ந்து பார்த்தேன். போனை வைத்ததும் அழுகை வந்தது. மத்தியானம் சமைக்கவில்லை.

ஜூலை 15, செவ்வாய்
மழை விட்டது. பொறுக்க முடியாமல் ரிக்குக்குப் போன்.

"அடடா காக்கு, யாருமே சொல்லலையா? எடிட்டிங் முடிஞ்சு பத்து நாளாச்சு. அந்த சீன் இல்லாமலே படம் நல்லா இருக்குன்னு டைரக்டர் தீதி எடுத்துட்டாங்க. ஆனா உங்க வீடு பிரமாதமா வந்திருக்கு."

"நான் எங்கயுமே இல்லையா?"

"முதுகு தெரியற மாதிரி ஒரு ஷாட் இருக்கு காக்கு."

பத்து நாள். அன்றைக்கே ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் வளைகாப்புக்குப் போயிருப்பேன். பாவி.

சாயங்காலம் கல்யாணி. "மிச்ச சீன் எடுத்தாச்சாப்பா?"

"ஆச்சு. ஒரே டேக்."

"அப்படிப் போடுங்க! அதான் முடிஞ்சுதே, கிளம்பி வாங்க. குழந்தை பொறக்கற வரைக்கும் இங்கயே இருங்க."

எந்த மூஞ்சியை வைத்துக்கொண்டு போவது?

"டப்பிங் பாக்கி இருக்கும்மா" என்றேன்.