என் முகத்தில் அவன் குரல்

ஜூலை 8, 1988. வெள்ளி.

காலையில் தூறல். எட்டு மணிக்கெல்லாம் சுள்ளென்று வெயில். தொழிற்சாலையில் அரை நாள் லீவு எழுதிக் கொடுத்தாயிற்று. இன்று படம் ரிலீஸ். ஆவடியிலேயே போட்டிருக்கிறார்கள்.

பதினெட்டு வருட நாடகம். சினிமாவில் இதுவரை: கான்ஸ்டபிள் நாலு, டாக்டர் இரண்டு, பிணம் ஒன்று. எல்லாம் ஒரே சீன். இதில்தான் ஏழு சீன். மகனைப் பறிகொடுத்த போஸ்ட் மாஸ்டர். வாங்கிக் கொடுத்தவன் தேவராஜ். கும்பகோணத்துக்காரன், குவார்ட்டர்ஸில் அடுத்த தெரு, எங்கள் நாடகக் குழுவில் பன்னிரண்டு வருடமாகக் கூட நடிப்பவன்.

டப்பிங்குக்கு ஏன் கூப்பிடவில்லை என்று போன மாதம் அவனிடம் கேட்டேன். ஷூட்டிங்கில் பேசியதே சுத்தமாக இருக்கிறதாம், அதையே வைத்துக்கொள்கிறார்களாம். சந்தோஷம்.

மாலைக் காட்சி. நான், வீட்டுக்காரி வசந்தா, அப்பா. அப்பாவுக்குக் கண் போய் ஆறு வருடம். உன் குரலைக் கேட்டால் போதும் என்றார். பருத்திப்பட்டிலிருந்து காலையிலேயே வந்துவிட்டார், சலவை வேட்டியில். தேவராஜ் வரவில்லை. வயிற்று வலியாம்.

சனி, 9.

நேற்று வந்ததும் எழுத முடியவில்லை.

முதல் சீன். தபால் மூட்டைக்குப் பின்னால் நான். வாயைத் திறக்கிறேன். தேவராஜ் குரல் வருகிறது.

ஏதோ தப்பு நடந்திருக்கிறது என்று நினைத்தேன். இரண்டாவது சீனிலும் அவன் குரல். மகனின் கடிதத்தைப் படிக்கும் இடத்தில், ஷூட்டிங்கில் மூச்சை அடக்கி, சும்மா நின்றிருந்தேன். அந்த இடத்தில் அவன் ஒரு விம்மல் வைத்திருக்கிறான். தியேட்டரில் கைதட்டல்.

வசந்தா என் பக்கம் திரும்பவேயில்லை. இடைவேளையில் அப்பா கேட்டார்: "தேவராஜு நல்லா பேசிக்கினு கீறான். நீ எப்போ வர்ற நைனா?"

பின்னால் வருவேன் என்றேன். படம் முடிந்து எல்லோரும் எழுந்த பிறகும் அப்பா உட்கார்ந்தே இருந்தார்.

ஞாயிறு, 10.

ரேஷன், சவரம். பிறகு தேவராஜ் வீடு.

என்னைக் கண்டதும் மனைவியைக் காபி போடச் சொன்னான். தயாரிப்பாளருக்கு என் முகம் பிடித்ததாம், பேச்சு பிடிக்கவில்லையாம். மெட்ராஸ் வாடை அடிக்கிறதாம். போஸ்ட் மாஸ்டர் இப்படியா பேசுவார் என்றாராம். மேடையில் ஒரு ழகரம் பிசகியதில்லை நான். ராஜா வேஷத்தில் அடிக்காத வாடை.

"நான் பேசலேன்னா வேற எவனாவது பேசியிருப்பான்" என்றான்.

"எங்கிட்ட ஏன் பொய் சொன்னே?"

"நெஜத்தச் சொன்னா நீ விட்டிருப்பியா?"

உன் நடிப்பு வீணாகாமல் காப்பாற்றியதே நான்தான் என்று வேறு சொன்னான். காபியைத் தொடாமல் எழுந்து வந்தேன்.

புதன், 13.

பல் வலி. கிராம்பு வைத்தேன். கேன்டீனில் எல்லோரும் படத்தைப் பற்றியே பேச்சு. சூப்பர்வைசர் கை குலுக்கினார், குரலில் என்ன உருக்கம் என்று. நன்றி என்றேன். ஏன் சொன்னேன்?

ஒத்திகைக்குப் போகவில்லை.

சனி, 16.

மதியம் தேவராஜ் வந்தான். அதே கம்பெனி, அடுத்த படம். இருவரையும் சேர்த்தே கேட்கிறார்களாம். படம் முழுக்க வரும் அப்பா வேஷம். என் முகம், அவன் குரல். நான் மாட்டேன் என்றால் அவனுக்கும் கிடையாதாம். இந்தத் தடவை முதலிலேயே சொல்லிவிட்டேன் பார் என்றான், பெருமையாக.

சமையலறையில் பாத்திரச் சத்தம் நின்றது. வசந்தா கேட்டுக்கொண்டிருந்தாள்.

பதினெட்டு வருடமாகக் கேட்டுக் கிடைக்காத வேஷம். நாளை சொல்கிறேன் என்று அனுப்பினேன். அப்போதே மாட்டேன் என்று சொல்ல வரவில்லை. அதுதான் அவமானம்.

ஞாயிறு, 17.

மேகமூட்டம். பல் வலி தேவலை.

கம்பெனிக்கு நாலு வரி எழுதினேன். நடித்தால் நானே பேசுவேன், இல்லையென்றால் வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளவும். வசந்தா வாங்கிப் படித்தாள். இனிமேல் கூப்பிட மாட்டார்கள் என்றாள். தெரியும் என்றேன். கையெழுத்து புரியவில்லை, கீழே பேரைத் தெளிவாக எழுதுங்கள் என்றாள். எழுதினேன்.

தபால் பெட்டியில் போட்டுவிட்டு வரும் வழியில் தேவராஜ் வீடு. வாசலிலேயே நின்றிருந்தான்.

"மாட்டேன்னு எழுதிப் போட்டுட்டேன்" என்றேன்.

"எனக்காகவாவது..." என்று ஆரம்பித்தான். நின்று கேட்கவில்லை.