பூனை கனவில் வரவில்லை

8 செப்டம்பர் 2025, திங்கள்

காலையில் கார்ட்டூன் வரைகிறவளாக ஆபீசுக்குப் போனேன். மதியச் சாப்பாட்டுக்குள் வரலாற்றாசிரியர் ஆகிவிட்டேன்.

சம்பூக் பிக்சர்ஸின் அனிமேஷன் ஸ்டுடியோவுக்கு இருபது வயது ஆகிறதாம். நவம்பரில் துபாய் ஹோட்டலில் விழா. அங்கே திரையிட, ஸ்டுடியோவின் வரலாறு ஒரு சின்னப் படமாக வேண்டும். எழுத வேண்டியது நான். என் எழுத்துத் திறமையை யாரோ கண்டுகொண்டார்கள் என்று பூரித்துப் போனேன். மார்க்கெட்டிங் தலைவர் பாலமுரளி உடனே ஊசி குத்தினார்.

"ஜெயபாரதி, ஆரம்பத்துலேர்ந்து இன்னும் இங்கயே இருக்கறது நீங்க ஒருத்தர்தான். மத்தவங்கல்லாம் போயிட்டாங்க."

ஆக, நகராமல் கிடந்ததுதான் என் தகுதி. எங்கள் கதாநாயகன் கஸ்லானுக்கும் அதே தகுதிதான். கஸ்லான் என்றால் அரபியில் சோம்பேறி. கார் பானட்டிலிருந்து இறங்க மறுக்கும் சாம்பல் நிறப் பூனை. வளைகுடாப் பிள்ளைகள் பாதிப் பேர் டிவியில் அவனைப் பார்த்துத்தான் சோறு தின்றிருப்பார்கள். டிபன் பாக்ஸ், செருப்பு, பற்பசை, எல்லாவற்றின் மேலும் படுத்திருக்கிறான். எங்களுக்குச் சம்பளம் போடுவதும் அவன்தான்.

9 செப்டம்பர்

வரலாற்றின் முதல் வரி: "கீழே பஞ்சர் ஒட்டினார்கள், மேலே நாங்கள் பூனை வரைந்தோம்." அழித்துவிட்டேன். நல்ல வரி.

14 செப்டம்பர், ஞாயிறு

லீவு. என் கணவர் தியாகு சாம்பார் வைக்கிறேன் என்று அடுக்களையைக் கைப்பற்றிவிட்டார். எனக்கு எழுத நேரம் கிடைத்தது.

நடந்ததை நடந்தபடி எழுதிப் பார்த்தால் இப்படித்தான் வருகிறது. ஷார்ஜா தொழில்பேட்டையில் ஒரு டயர் கடை. அதற்கு மேல் மாடியில், சினிமா எடுக்கிற பெரிய கம்பெனி ஒன்று போனால் போகிறதென்று ஒதுக்கிய அறை. ஒரு பிஸ்கட் விளம்பரத்துக்காக ஏதாவது மிருகம் வேண்டும் என்றார்கள். டயர் கடைக்காரர் தன் கார் மேல் தூங்கும் தெருப் பூனையைத் தினமும் "யா கஸ்லான்!" என்று திட்டுவார். பெயர் வந்தது அப்படி. முகம் வரைந்தது சாதிக் பாட்ஷா. எங்கள் சீனியர், மதுரைக்காரர், என்னை வேலைக்கு எடுத்தவர். நடை என்னுடையது. வயிற்றைத் தூக்கிக்கொண்டு, நாலு காலும் தனித்தனியாகச் சலித்துக்கொள்கிற நடை.

அப்புறம் அந்த நடுக்கம். கஸ்லானின் கோடு லேசாக நடுங்கிக்கொண்டே இருக்கும். உயிரோட்டம், கையால் வரைந்த கவித்துவம் என்றெல்லாம் பத்திரிகைகள் எழுதின. டயர் கடையின் கம்ப்ரசர் ஓடும்போது எங்கள் மேசை ஆடும். அவ்வளவுதான். துபாய்க்கு, கண்ணாடிக் கட்டடத்துக்கு மாறியதும் கோடு நேராகிவிட்டது. பூனையின் ஆன்மா போய்விட்டது என்று சேனல்காரன் புகார் செய்தான். கோட்டை நடுங்க வைக்க ஒரு சாப்ட்வேர் வாங்கினார்கள். கம்ப்ரசர் மலிவு.

சாம்பாரில் உப்பு இல்லை. சொல்லவில்லை.

16 செப்டம்பர்

பாலமுரளி படித்தார். முகத்தில் ஒரு தசை அசையவில்லை.

"ரொம்ப ஹானஸ்ட்டா இருக்கு," என்றார். வியாதியின் பெயரைச் சொல்வது போல. "டயர் வேண்டாம். கம்ப்ரசர் வேண்டாம். நம்ம பெரியவர் பாலைவனத்துல கூடாரம் போட்டுத் தூங்கறார். கனவுல ஒரு பூனை வருது. அங்கேர்ந்து ஆரம்பிங்க."

"அப்படி ஒரு கனவு வந்துச்சா?"

"வராமயா இருந்திருக்கும்?"

பெரியவர் என்றால் கம்பெனியைத் தொடங்கிய அபு சைஃப். எண்பதைத் தாண்டியவர். இப்போது பிள்ளைகள்தான் நிர்வாகம். அவரைக் கேட்டுவிடலாமே என்றேன். அவரைத் தொந்தரவு செய்யக் கூடாதாம். கனவு கண்டவரைத் தவிர எல்லோரிடமும் கனவைப் பற்றிக் கேட்கலாம்.

20 செப்டம்பர், சனி

சாதிக் பாயைப் பிடித்துவிட்டேன். சவூதியில், தம்மாமில் இருக்கிறார். பெயர்ப் பலகை எழுதும் கடை. ஷவர்மா கடைகளுக்குக் கோழி வரைகிறார்.

அவர் போனதே ஒரு கூத்து. பிள்ளைகளுக்கு நல்ல முன்மாதிரி வேண்டும், பூனை உடற்பயிற்சி செய்யட்டும் என்றது சேனல். "சோம்பேறிய ஓட விட்டா அவன் வேற ஆளுடா!" என்று மீட்டிங்கில் கத்திவிட்டுக் கிளம்பினார். அதற்குப் பிறகு வந்த பாகங்களில் அவர் பெயரைத் தூக்கிவிட்டார்கள். பழைய பாகங்களிலிருந்தும்தான்.

வருத்தப்படுவார் என்று நினைத்தேன். மனிதர் குரலில் அப்படி ஒரு தெம்பு.

"வரலாறா? எழுதிக்கம்மா. அந்தப் பூனைய முழுசா நாந்தேன் வரைஞ்சேன். நீயெல்லாம் பக்கத்துல பென்சில் சீவிக்கிட்டிருந்த."

"பாய், நடை என்னுது."

"அது எங்க நடந்துச்சு? படுத்தேதான கெடக்கும்!"

விழாவுக்கு வருகிறீர்களா என்று கேட்டேன். "கோட்டு போட்டுட்டு வரணுமா?" என்றார்.

விருந்தினர் பெயர்களோடு அவர் பெயரையும் சேர்த்து அனுப்பிவிட்டேன். பாலமுரளி அதைப் படிக்க மாட்டார். பட்டியல் எதையும் படிக்க மாட்டார்.

25 செப்டம்பர்

அப்ஸானா என் மேசைக்கு வந்து குனிந்து பேசினாள். வண்ணம் தீட்டுகிற பெண், மேலப்பாளையம். எப்போதும் உரக்கப் பேசுகிறவள் கிசுகிசுத்தாள்.

"அக்கா, ஸ்டுடியோவ மூடப் போறாவளாம். புதுசா வாடகைக்கு வாறவன் ஆளு இடத்த அளந்துட்டுப் போறான். நான் உக்காந்திருக்கேன், என்னையும் சேத்து அளக்கான்!"

கஸ்லானை இனி மெஷின் வரையுமாம். விழா முடிந்ததும் எல்லோருக்கும் கடிதம்.

எனக்கு இப்போதுதான் உறைத்தது. நன்றாக ஓடிக்கொண்டிருக்கும் ஒன்றுக்கு யாராவது இவ்வளவு அக்கறையாக வரலாறு எழுதுவார்களா? நான் எழுதிக்கொண்டிருப்பது இரங்கல் குறிப்பு. கேக்கோடு.

29 செப்டம்பர், திங்கள்

பாலமுரளியிடம் நேராகக் கேட்டேன். மறுக்கவில்லை. கதவைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தார்.

"மெஷினுக்கு கஸ்லான் எப்படி நடப்பான், எப்படி முழிப்பான்னு சொல்லிக் குடுக்க ஒருத்தர் வேணும். ஹெரிட்டேஜ் மேனேஜர். உங்க பேரைத்தான் சொல்லியிருக்கேன். அந்தக் கனவு மட்டும் நல்லா வரட்டும்."

வீட்டில் சொன்னேன். தியாகு நிதானமானவர். "ஷ்ருதிக்கு இன்னும் ஒன்றரை வருஷம் ஸ்கூல் இருக்கு. நடுவுல ஊருக்கு மாத்த முடியாது. யோசி," என்றார். ஷ்ருதி போனிலிருந்து தலையைத் தூக்கி, "ஹெரிட்டேஜ்னா மியூசியமாம்மா? அப்போ யூ ஆர் தி மம்மி!" என்று கெக்கெக்கே என்று சிரித்தாள்.

பெற்ற வயிறு.

6 அக்டோபர்

எழுதிவிட்டேன். பௌர்ணமி. பாலைவனம். அணைந்துகொண்டிருக்கும் நெருப்பு. மணலில் காலடி பதியாமல் நடந்து வரும் சாம்பல் பூனை பெரியவரின் கண்ணைப் பார்த்து, "என்னை உலகத்துக்குக் காட்டு" என்கிறது.

மோசமாக இருந்திருந்தால் கூடப் பரவாயில்லை. நன்றாக வந்திருக்கிறது. பாலமுரளி கண்ணைத் துடைத்துக்கொண்டார். அப்ஸானாவும் படித்தாள். இன்றைக்குச் சாப்பிட என்னோடு வரவில்லை.

20 அக்டோபர்

தீபாவளி. அரை நாள் லீவு கேட்டேன், தந்தார்கள். மேனேஜராகப் போகிறவள் அல்லவா. அதிரசம் உடைந்து எண்ணெயில் கரைந்தது.

11 நவம்பர்

சாதிக் பாய் வந்து இறங்கிவிட்டார். நிஜமாகவே கோட்டு. தோளில் பொருந்தவில்லை, கை நீளம். ஷார்ஜாவில் டீக்கடையில் சந்தித்தோம். தலை முழுக்க நரைத்திருக்கிறது. வாய் மட்டும் அப்படியே.

"படத்துல என்னைப் பத்தி என்னம்மா சொல்லியிருக்க?"

"பொதுவா... எல்லாரைப் பத்தியும் கொஞ்சம்..."

"சரி, சொல்லாத. நேர்லயே பாத்துக்கிறேன்," என்று என் தட்டிலிருந்த சமோசாவையும் எடுத்துக்கொண்டார்.

சொல்லியிருக்க வேண்டும். என்ன சொல்ல? பாய், நீங்க இல்ல, உங்களுக்குப் பதிலா ஒரு கூடாரம் இருக்குன்னா? தைரியம் வரல. எனக்கு எப்பவுமே வராது.

13 நவம்பர், வியாழன்

என்னால் இன்னும் நம்ப முடியவில்லை. வரிசையாக எழுதுகிறேன்.

படம் ஓடியது. கனத்த குரலில் பௌர்ணமி, நெருப்பு, பூனை. கூட்டம் அப்படியே சொக்கிப் போயிற்று. கடைசி மேசையில் சாதிக் பாய் தன் பெயருக்காகக் காத்திருந்தார். எழுத்துகள் ஓடி முடிந்த பிறகும் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். அந்தக் கோட்டுக்குள் மனிதர் சுருங்கிப் போனது போல இருந்தது. நான் தண்ணீர் டம்ளரைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பெரியவரைப் பேசச் சொல்லி மைக்கைக் கொடுத்தார்கள். பாராட்டுவார் என்று பாலமுரளி முதல் வரிசையில் ஆயத்தமாகச் சிரித்துக்கொண்டிருந்தார்.

"எந்தக் கனவு?" என்றார் பெரியவர். "எனக்குப் பூனை பக்கத்தில் வந்தாலே தும்மல். கனவில் வந்திருந்தால் தும்மியே முழித்திருப்பேன். நான் கேட்டது ஒட்டகம். என் மனைவிதான் பூனையே இருக்கட்டும் என்றாள். யார் இதை எழுதியது?"

பாலமுரளியின் விரல் என்னைக் காட்டியது. அவ்வளவு வேகமாக அவர் எந்த வேலையும் செய்து நான் பார்த்ததில்லை.

எழுந்தேன். எல்லோரும் திரும்பிப் பார்க்கிறார்கள். கிழவர் கோபமாக இருக்கிறாரா, வேடிக்கை பார்க்கிறாரா என்று தெரியவில்லை. இனி போவதற்கு என்ன இருக்கிறது என்று எங்கிருந்தோ தோன்றிற்று.

"பொய் சார். நான்தான் எழுதினேன்," என்றேன். பிறகு டயர் கடையைச் சொன்னேன். பிஸ்கட்டைச் சொன்னேன். கம்ப்ரசரைச் சொன்னபோது எங்கிருந்தோ ஒரு சிரிப்பு வெடித்து, மேசை மேசையாகப் பரவியது. "முகம் வரைந்தவர் சாதிக் பாட்ஷா. அதோ இருக்கிறார்," என்றேன்.

"மீசையும் என்னுது!" என்று கடைசி மேசையிலிருந்து தமிழில் குரல் வந்தது.

பெரியவர் இருவரையும் மேடைக்குக் கூப்பிட்டார். விருந்தினர்கள் வாழ்த்து எழுத வைத்திருந்த பெரிய வெள்ளைப் பலகையில் கஸ்லானை வரையச் சொன்னார். பாய் முகத்தை வரைந்தார். நான் உடம்பைப் போட்டேன். அவருடைய கோடு நடுங்கியது. அங்கே கம்ப்ரசர் எதுவும் இல்லை. நான் பார்த்துவிட்டேன் என்று தெரிந்ததும், "ஏசி ஜாஸ்திம்மா," என்றார்.

கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது. பெரியவர் பூனைக்கு அருகே வந்து உற்றுப் பார்த்து, ஒரு தும்மல் போட்டார். வேண்டுமென்றே போட்டாரோ என்னவோ.

14 நவம்பர்

ஹெரிட்டேஜ் மேனேஜர் பதவி "மறுபரிசீலனையில்" இருக்கிறதாம். பாலமுரளியின் மெயில். நலமா என்றுகூட இல்லை.

ஏன்டி வாயத் தொறந்த? ரெண்டு நிமிஷம் கல்லு மாதிரி நின்னிருந்தா முடிஞ்சிருக்கும். பிள்ளை ஸ்கூல் என்ன ஆகிறது? தியாகு ஒரு வார்த்தை திட்டலாம்ல? திட்ட மாட்டேங்கிறார். டீ போட்டுக் கொண்டுவந்து வைக்கிறார். அது இன்னும் எரிச்சலா இருக்கு.

சாதிக் பாய் ஏர்போர்ட்டிலிருந்து போன் செய்தார். "நடை உன்னுதுதாம்மா. ஒத்துக்கிறேன்," என்று சொல்லிவிட்டு, நான் பதில் சொல்வதற்குள் வைத்துவிட்டார்.

28 நவம்பர், வெள்ளி

மூடிவிட்டார்கள். பெரியவர் சிரித்தார், கைதட்டினார், எல்லாம் சரி. கையெழுத்துப் போடுவது பிள்ளைகள். எல்லோருக்கும் கடிதம். பாலமுரளிக்கும்! அட்டைப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு லிப்ட் அருகே நின்றவர், "ஜெயபாரதி, எங்கயாவது ஏதாவது இருந்தா சொல்லுங்க," என்றார். நன்றாக வேண்டும் என்று நினைக்கத்தான் ஆசைப்பட்டேன். அவர் பெட்டியின் ஓரத்தில் ஒரு கஸ்லான் பொம்மை எட்டிப் பார்த்தது. முடியவில்லை.

அப்ஸானா கூடவே இறங்கினாள். "நாம ரெண்டு பேரும் என்னக்கா வேற வேலையா செய்யப் போறோம்? வரையத்தான தெரியும்," என்றாள். மத்தியானம் என் தட்டிலிருந்துதான் சாப்பிட்டாள்.

11 பிப்ரவரி 2026, புதன்

புஜைரா. எண்ணெய்த் தொட்டிகள் இருக்கிற கம்பெனியின் லேபர் கேம்ப். வேலையாட்களுக்கான பாதுகாப்புப் படம். ஹெல்மெட் போடு, ஏணியில் ஓடாதே, தொட்டி மேல் சிகரெட் பிடிக்காதே. எங்கள் வீட்டு ஹாலில் உட்கார்ந்து அப்ஸானாவும் நானும் வரைந்தது. தம்மாமிலிருந்து பாய் முகங்களை வரைந்து அனுப்பினார். எல்லா முகமும் கொஞ்சம் கோழி ஜாடை. ஷ்ருதி ஸ்கூல் மாறவில்லை. வீடுதான் சின்னதாகிவிட்டது.

சாப்பாட்டு ஹாலில் திரையிட்டார்கள். சுவரில் பழைய படுக்கை விரிப்பு. டூட்டி முடிந்து வந்தவர்கள் தட்டோடு உட்கார்ந்திருந்தார்கள். படத்தில் ஒரு சேஃப்டி ஆபீசர் வருவார். தொப்பையைத் தூக்கிக்கொண்டு, ஒவ்வொரு காலும் தனித்தனியாகச் சலித்துக்கொள்ள நடப்பார். அவர் உள்ளே வந்ததும் ஹால் முழுக்கச் சிரித்தது. ஒருத்தருக்குப் புரை ஏறிவிட்டது. ஓரத்தில் நின்றிருந்த நிஜ ஆபீசர், எதற்குச் சிரிக்கிறார்கள் என்று எங்களைப் பார்த்தார்.

இத்தனை வருஷம் கஸ்லானை டிவிக்குத்தான் அனுப்பினோம். பார்க்கிறவர்கள் சிரித்து நான் கேட்டதே இல்லை. சேனலிலிருந்து சதவீதம் வரும், அவ்வளவுதான். அப்ஸானா லேப்டாப்பை மூடப் போனாள்.

வேலுச்சாமி என்று ஒருத்தர், பரமக்குடிப் பக்கம், சோற்றுக் கையோடு எழுந்து வந்தார்.

"அக்கா, அந்தாளு நடக்குறத மட்டும் இன்னொருக்காப் போடுங்க."

போட்டோம்.