வராதவரை இறந்தவர் என எழுதித் தர மறுப்பது குறித்து

அனுப்புநர்:
தெய்வம்மா, க/பெ இருளப்பன்,
தாயகம் திரும்பியோர் குடியிருப்பு,
குன்னூர் வட்டம்.

பெறுநர்:
உயர்திரு மாவட்ட ஆட்சியர் அவர்கள்,
நீலகிரி மாவட்டம், உதகமண்டலம்.

பொருள்: தகவல் தெரியாத என் கணவரை இறந்தவர் என எழுதித் தரும்படி தோட்ட அலுவலகம் வற்புறுத்துவது – வீட்டை எங்கள் இருவர் பெயரிலும் வைத்திருக்கக் கோருவது – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. நாங்கள் இலங்கையில் பதுளைப் பக்கத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவர்கள். நான் ஆசிரியர் கலாசாலையில் படித்துத் தோட்டப் பள்ளியில் கற்பித்தேன். 1977 கலவரத்தில் நாங்கள் குடியிருந்த லயத்து வரிசை வீடுகளுக்குத் தீ வைத்தார்கள். வவுனியாவுக்கு ஓடினோம். அங்கே அந்த மண் யாருடையது என்று சண்டை. எந்தப் பக்கமும் அதை எங்களுடையது என்று சொல்லவில்லை.

2. 1984-இல் நானும் மகளும் தலைமன்னாரில் கப்பல் ஏறினோம். மாமியாருக்குப் பாஸ்போர்ட் வரவில்லை. அடுத்த கப்பலில் அவரைக் கூட்டி வருவதாக என் கணவர் நின்றுவிட்டார். சண்டை முற்றி, அடுத்த கப்பல் புறப்படவே இல்லை. சென்ற ஆண்டு தை மாதத்துக்குப் பிறகு கடிதமும் இல்லை.

3. இங்கு அரசுத் தேயிலைத் தோட்டத்தில் ஒரு வீட்டுக்கு இருவர் வேலை செய்ய வேண்டுமாம். நான் ஒருத்திதான் கொழுந்து எடுக்கிறேன். ஆகவே வீட்டைக் காலி செய்ய வேண்டும். அல்லது கணவர் இறந்ததாக எழுதித் தந்து விதவைக்கான விலக்கில் வீட்டில் இருந்துகொள்ளலாம் என்கிறார்கள். "ஏனுங்க டீச்சர், ஒரு கையெழுத்துதானுங்களே, போட்டா ஆளு செத்தா போயிருவாரு?" என்று அலுவலக எழுத்தர் சிரித்தார்.

4. செத்துத்தான் போவார், ஐயா. பார்த்திருக்கிறேன். அடுத்த வீட்டுக் கருப்பம்மா, இலங்கையில் நின்றுவிட்ட தன் கணவருக்கு 1985-இல் அப்படிக் கையெழுத்திட்டார். பொட்டை அழித்தார், காரியமும் செய்தார். இந்த மாசியில் அவர் கணவர் ராசு வள்ளத்தில் இராமேசுவரம் வந்து, மலையேறி, கதவைத் தட்டினார். இறந்தவருக்கு வேலை தர வழியில்லை என்கிறது அதே அலுவலகம். பகலெல்லாம் அவர் வீட்டுக்குள்ளேயே இருக்கிறார். மேஸ்திரி எட்டிப் பார்த்தால், "எங்க அண்ணன் வந்திருக்குங்க" என்று கருப்பம்மா சொல்ல வேண்டியிருக்கிறது. கட்டிய கணவரை.

5. கையெழுத்திட்டால் காத்திருப்பதாவது முடியுமே என்று எனக்கும் தோன்றியதுண்டு. அது என் சொந்த அசதி. அரசு அதைக் கேட்டு வாங்கக் கூடாது.

6. ஆகவே, என் கணவர் பெயருக்கு எதிரே "கப்பல் நின்றதால் வரவில்லை" என்று எழுதவும், ராசுவை உயிருள்ளவராகப் பதிந்து வேலை தரவும் உத்தரவிடுங்கள். அதுவரை வீட்டைக் காலி செய்ய மாட்டேன். இருளப்பன் உயிரோடு இருக்கிறாரா என்பது எனக்குத் தெரியாது, அலுவலகத்துக்கும் தெரியாது. இறந்தார் என்று எழுதித்தான் ஆக வேண்டுமென்றால், தெரிந்தவர் எழுதிக் கையெழுத்திடட்டும்.

இடம்: குன்னூர்
நாள்: 9.6.1987

இப்படிக்கு,
தெய்வம்மா,
இருளப்பனின் மனைவி