டிவிக்குள் வளர்ந்த ஆடு

1988 மார்ச் 3

மழை. சாமந்தி சுமார்தான். ஈப்போ கோயில்களுக்குக் கொடுத்தது போக மிச்சத்தை மாலை கட்டுகிற பெண்களிடம் தள்ளிவிட்டேன்.

லோரியோடு நானும் போயிருந்ததால் மகள் சாரதாவையும் பேத்தியையும் பார்த்துவிட்டு வந்தேன். குழந்தை அப்படியே என் வீட்டுக்காரரை உரித்து வைத்திருக்கிறது. சொன்னதும் சாரதா கேட்டாள், "அப்பா எப்பம்மா வருவாரு?"

என்ன சொல்ல? தாப்பா ரோட்டு வளைவில் இவர் ஓட்டிய முட்டைக்கோஸ் லோரி உருண்டதிலிருந்து மனிதர் ரிங்லெட் ஊரைத் தாண்டி மலையிறங்கவில்லை. கால் கூடிவிட்டது. தானா ராத்தா ஆஸ்பத்திரி டாக்டரே இனி லோரி ஓட்டலாம் என்று சொல்லி அனுப்பிவிட்டார். இவரோ லோரி ஸ்டார்ட் ஆகிற சத்தம் கேட்டாலே எழுந்து உள்ளே போய்விடுகிறார். சரி, குழந்தையையாவது மேலே கொண்டு வரலாம் என்றால், "அந்த ரோட்டுல பச்சப்புள்ளயக் கொண்டாராத" என்று மகளிடம் போனில் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். ஆக, பிள்ளை கீழே, தாத்தா மேலே. நடுவில் ஒரு ரோடு.

மார்ச் 12

தேயிலைத் தோட்டத்துச் சின்ன துரை மாற்றலாகிப் போகிறார், சாமான்களை விற்கிறார் என்று கேள்விப்பட்டுப் போனேன். எனக்கு வேண்டியது பூ வைக்க அந்தப் பெரிய ஐஸ்பெட்டி. அதை மட்டும் தர மாட்டாராம், கம்ப்யூட்டரையும் சேர்த்து எடுக்க வேண்டுமாம். நல்ல பூவோடு சுமாரான பூவையும் கட்டி விற்கிறவள் நான். என்னிடமே அந்த வித்தையா! ஆனாலும் ஐஸ்பெட்டி நல்ல பெட்டி. எடுத்துக்கொண்டேன்.

கம்ப்யூட்டர் என்பது ஒரு தட்டச்சுப் பலகை, ஒரு பெட்டி, கறுப்பாகத் தகடு தகடாகக் கொஞ்சம் டிஸ்க், ஒரு கட்டுப் பழைய பேப்பர். ஈப்போவில் யாராவது வாங்குவார்கள். அதுவரை கூடத்தில் கிடக்கட்டும்.

மார்ச் 15

வேலை முடிந்து வீட்டுக்கு வந்தால் டிவியில் ஒரு நாய்க்குட்டி. அவர்தான் ஒயரை மாட்டி டிஸ்க்கைப் போட்டிருக்கிறார். படம் இல்லையாம், விளையாட்டாம். ஒரு பொத்தானை அமுக்கினால் பிஸ்கட் விழுகிறது. இன்னொன்று பந்து. கவனிக்காமல் விட்டால் நாய் முகத்தைத் திருப்பிக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறது.

"பசிக்குதாம்லா இதுக்கு" என்றார்.

நான் கேட்காமல் இவர் வாயைத் திறந்து எவ்வளவு நாளாயிற்று? கம்ப்யூட்டரை விற்கிற பேச்சை எடுக்கப் போவதில்லை.

ஏப்ரல் 9

அந்த விளையாட்டைச் செய்த கம்பெனி எப்போதோ கடையை மூடிவிட்டதாம். ஆனால் ஈப்போவில் ஒரு கம்ப்யூட்டர் கிளப் இருக்கிறது. பிரியப்பட்ட சனங்கள் தாங்களே மிருகங்களைச் செய்து நாய் இருந்த இடத்தில் வைத்துக்கொள்கிறார்கள். எப்படிச் செய்வதென்று துரை கொடுத்த பேப்பர்களில் இருக்கிறது. பக்கம் பக்கமாக வெறும் நம்பர். அதையெல்லாம் வரிசை தப்பாமல் தட்டினால் நாய் சருகுமானாகிவிடுமாம்.

அவரே கிளப்புக்குப் போன் போட்டார்! அந்தப் பக்கம் லியோங் என்று ஒரு பள்ளிக்கூட வாத்தியார். இரண்டு பேரும் மலாயில் நெடுநேரம் பேசினார்கள். போன் பில்லைப் பற்றி நான் மூச்சு விடவில்லை. நான்!

ஏப்ரல் 10, ஞாயிறு

நம்பர்களை நான் படிக்க அவர் தட்டினார். எனக்குக் கணக்கு வேகம், அவருக்கு விரல் மெதுவு. "கொஞ்சம் நிறுத்திப் படி புள்ள, ஏலம் போடாத" என்று திட்டு வாங்கிக்கொண்டே படித்து முடித்தேன்.

வந்தது சருகுமான் இல்லை. வயிற்றுக்குக் கீழே தலை, கால் நாலும் வானத்தில். பூக்கட்டு கட்டுகிற வேலம்மா எட்டிப் பார்த்துவிட்டு, "ஐயே, என்னாண்ணே இது, லோரி ஏறுன மாதிரி கெடக்கு!" என்றாள். சொன்ன பிறகுதான் அவளுக்கு உறைத்தது. வாயைப் பொத்திக்கொண்டாள்.

அவர் சிரித்துவிட்டார். தோள் குலுங்கச் சிரித்தார்.

பிறகு பேப்பரைப் பார்த்தவர் என் பக்கம் திரும்பி, "நவம், சைபரெல்லாம் படிச்சியா?" என்றார்.

"சைபர எதுக்குப் படிக்கணும்? சரக்கு இல்லன்னுதானே அர்த்தம்?"

ஆர்டர் வாசிக்கும்போது யாராவது இல்லாத சரக்கைச் சேர்த்து வாசிப்பார்களா? எனக்கு அதுதான் பழக்கம்.

"இங்க இல்லாததுக்கும் எடம் விடணும் புள்ள. இல்லாட்டி இருக்கறதெல்லாம் எடம் மாறிப் போயிருது."

மறுபடி முதலிலிருந்து. தொண்டை கட்டிவிட்டது.

ஏப்ரல் 11

சருகுமான் நேராக நிற்கிறது.

ஜூன் 18

சருகுமான் போதவில்லையாம். ஆடு வேண்டுமாம், சொந்த ஆடு. கிளப்பில் யாரிடமும் இல்லை. கட்டம் போட்ட தாளில் கட்டம் கட்டமாக நிரப்பி ஆடு வரைகிறார். ஒவ்வொரு வரிசையையும் எப்படி நம்பராக்குவது என்று லியோங் வாத்தியார் போனில் சொல்லிக் கொடுத்திருக்கிறார். செவலை நிறம். பிஸ்கட்டை எடுத்துவிட்டு இலை வைத்திருக்கிறார். கவனிக்காமல் விட்டால் இது முகத்தைத் திருப்பாதாம், முட்டுமாம்.

சாப்பிடும்போது திடீரென்று, "ஆடு படுக்கறப்போ முன்னங்கால மொதல்ல மடக்குமா, பின்னங்காலயா?" என்றார்.

"எனக்கென்ன தெரியும்? ஒரு காலத்துல ஆடு வித்திருக்கேன், படுக்க வச்சதில்ல."

கையைக் கழுவிவிட்டு, ஊன்றுகிற கம்பை எடுத்துக்கொண்டு மார்க்கெட்டுக்குப் பின்னால் இருக்கிற முனியாண்டி ஆட்டுக் கொட்டகைக்கு நடந்தே போனார். ஒரு ஆடு மனசு வந்து படுக்கிற வரை நின்றிருக்கிறார். முனியாண்டி என்னிடம் வந்து, "அண்ணி, அண்ணே ஆடு வாங்கப் போறாரா? வெல கேக்காம காலையே பாத்துக்கிட்டு நிக்கிறாரு" என்றான்.

முன்னங்கால்தான் முதலில்.

ஆகஸ்ட் 6

ஆடு குட்டியிலிருந்து வளர்ந்துவிட்டது. பேர் செவலை. டிவிக்குள் இருக்கிற சுவரில் ஏறி நிற்கிறது. அவர் டிஸ்க்கை நகல் எடுத்து, இரண்டு அட்டைக்கு நடுவில் வைத்துக் கட்டி, டிரைவர் நாகப்பனிடம் கொடுத்து கிளப்புக்கு அனுப்பினார்.

ஆகஸ்ட் 21

"நம்ம ஆடு தைப்பிங்லயும் மேயுதாம்." கிளப்காரர்கள் நகல் எடுத்து அந்த ஊருக்கும் அனுப்பியிருக்கிறார்களாம், காலையிலிருந்து இதே பேச்சு.

செப்டம்பர் 11

சாரதா போன் செய்தாள். குழந்தை தவழுகிறதாம். அவர் போனை வாங்கி எந்தப் பக்கம் தவழுது, எதைப் பார்த்துச் சிரிக்குது, பல் வந்துச்சா என்று கேட்டார். "ஒரு தடவ வந்துட்டுப் போங்களேம்பா" என்று அவள் சொன்னது எனக்கே கேட்டது. போனை என் கையில் கொடுத்துவிட்டு ஆட்டுக்கு இலை வைக்கப் போய்விட்டார்.

எனக்கு வந்ததே கோபம்! ஏன்யா, டிவி ஆட்டுக்கு வேள தவறாம எல வைக்கத் தெரியுது, பெத்த மக புள்ளயப் பாக்க ரெண்டு மூணு மணி நேரம் லோரில குந்தத் தெரியலயா? — வாய் வரை வந்தது. சொல்லவில்லை. இலைப் பொத்தானை விட்டுவிட்டுப் பந்துப் பொத்தானை அமுக்கிக்கொண்டிருந்தார்.

அக்டோபர் 19

ஆயுத பூசை. தராசு, பூ வெட்டுகிற கத்திரி, லோரி, எல்லாவற்றையும் கழுவித் துடைத்துச் சந்தனம் குங்குமம் வைத்தேன். கம்ப்யூட்டருக்கும் வைத்தேன். செவலை இருக்கிற டிஸ்க்கை மட்டும் விடுவானேன்? கறுப்பு உறையில் நீளவாக்கில் ஒரு திறப்பு, உள்ளே பழுப்பாகத் தெரிகிறது. நெற்றி மாதிரி பாந்தமாக இருந்தது. அங்கே குழைத்து வைத்தேன்.

பூசையில் வைத்ததை இன்று தொடக் கூடாது. "ஆடு பட்டினி கெடக்கும்லா" என்றார்.

"ஒரு நா சாமி பாத்துக்கும். சும்மா இருங்க."

அக்டோபர் 20

சாமி பார்க்கவில்லை.

காலையில் டிஸ்க்கைப் போட்டார். பெட்டி, மேட்டில் தப்பான கியரில் ஏறுகிற லோரி மாதிரி முனகியது. பிறகு அதுவும் இல்லை. டிவி வெள்ளையாக நின்றது. டிஸ்க்கை உருவிப் பார்த்தார். சந்தனம் காய்ந்து உள்ளே சுற்றி வட்டமாகத் தேய்ந்திருக்கிறது. தொடக் கூடாத இடமே அதுதானாம். எனக்கு யார் சொன்னார்கள்?

திட்டியிருக்கலாம். "பொட்டு அழகாத்தான் வச்சிருக்க" என்றார். டிவியை அணைத்துவிட்டுப் போய் ஜன்னல் ஓரம் உட்கார்ந்துகொண்டார்.

அந்த நாற்காலியில் இவர் உட்கார்ந்து மாசக்கணக்காச்சு. ஐயோ, நான் என்னா செஞ்சு வச்சிருக்கேன்! மார்ச்சுல இருந்து ஏறுன மேடு. ஒரே பொட்டுல எறக்கிட்டேனே.

அக்டோபர் 22

அவர் பேசாததால் நானே லியோங் வாத்தியாருக்குப் போன் போட்டேன். என் மலாய் மார்க்கெட் மலாய். விலை பேசத்தான் வரும், துக்கம் சொல்ல வராது. இருந்தாலும் புரிந்துகொண்டார். பெட்டியை ஸ்பிரிட் தொட்டுத் துடைத்தால் சரியாகிவிடுமாம். ஆடு? "ஆடு எங்கே செத்தது? ஆகஸ்டில் அனுப்பிய ஆடு என் வீட்டில் இருக்கிறதே. என் அம்மா வளர்க்கிறார்" என்றார்.

ஓடிப் போய் அவரிடம் சொன்னேன். போனைப் பிடுங்கிக்கொண்டார். கேட்கக் கேட்க முகம் மாறியது.

"பிஸ்கட்டா?"

லியோங்கின் அம்மாவுக்கு இலை பிடிக்கவில்லையாம். பாவம் வாயில்லா ஜீவன், வெறும் இலையா என்று மகனிடம் சொல்லி மறுபடி பிஸ்கட்டை வைக்கச் சொல்லிவிட்டார். தின்று தின்று செவலை கொழுத்துவிட்டது. இப்போது சுவரில் ஏறுவதில்லையாம்.

"ஆட்டுக்குப் போயி பிஸ்கட் குடுக்கறாங்களாம் நவம்! வகுறு என்னத்துக்காகும்?"

தபாலில் அனுப்புகிறேன் என்றாராம் வாத்தியார். தபால்காரன் டிஸ்க்கை மடித்துவிடுவான் என்று இவர் வேண்டாம் என்றுவிட்டார். நாகப்பன் லோரியில் கூடை ஏற்றிக்கொண்டிருந்தான். "நா வாங்கியாறேண்ணே. டேஷ்போர்டுல பத்திரமா வச்சு—"

"டேஷ்போர்டுலயா? வெயில்ல வெந்து போயிரும்டா!"

"அப்ப சீட்டுக்கு அடியில."

"அங்கதான் ஜாக்கி கெடக்கு. நசுங்கிப் போறதுக்கா?"

"அப்ப என் தலையிலதான் வச்சு கொண்டாரணும்."

நாகப்பன் அடுத்த கூடையைத் தூக்கினான். பிறகு அவர் கேட்டார், "நாளைக்கி எத்தன மணிக்கிடா கெளம்புற?"

நான் தலை நிமிரவே இல்லை. பூவை எண்ணுகிற மாதிரி குனிந்திருந்தேன். எதிராளி தானாக இறங்கி வரும்போது நாம் வாயைத் திறந்தால் பேரம் கெட்டுவிடும். வேலம்மா என்னவோ சொல்ல வந்தாள். காலை மிதித்தேன்.

அக்டோபர் 23, ஞாயிறு

போய்விட்டோம்.

லோரியில் நான் நடுவில், அவர் ஓரத்தில். ரிங்லெட் தாண்டும்போதே கண்ணை மூடிக்கொண்டார். ஒரு கை கதவுப் பிடியில், ஒரு கை என் மணிக்கட்டில். வலித்தது, வலிக்கட்டும் என்று விட்டுவிட்டேன். அந்த வளைவு வந்தது. நாகப்பன் என்னைப் பார்த்தான். நான் முன்னால் பார் என்று கண்ணைக் காட்டினேன்.

"செகண்ட் போடுடா" என்றது பக்கத்திலிருந்து. "பிரேக்க மிதிச்சுக்கிட்டே எறங்குறியே. கால எடு. இஞ்சினு புடிச்சுக்கும்."

"அண்ணே, நீங்க கண்ண மூடிக்கிட்டுல்ல இருக்கீங்க?"

"காது தொறந்துதான் கெடக்கு. போடுடா."

தாப்பா வரை திட்டிக்கொண்டே வந்தார். நாகப்பன் ஒன்றுக்கும் முகம் சுளிக்கவில்லை. நல்ல பையன். எந்த இடத்தில் அவர் கண்ணைத் திறந்தார் என்று எனக்குத் தெரியாது. திரும்பிப் பார்க்கிற தைரியம் எனக்கில்லை.

கிளப் ஒரு ரேடியோ கடையின் மாடியில். கம்பை ஊன்றி அவர் ஏறி வந்ததும், "ஆட்டுக்காரர்! ஆட்டுக்காரர்!" என்று மலாயில் ஒரே சத்தம். எழுந்து நாற்காலி கொடுத்தார்கள். லியோங்கின் அம்மாவும் வந்திருந்தார். இவர் இலை என்க, அந்த அம்மா பிஸ்கட் என்க, சம்பந்தி வீட்டுச் சண்டை தோற்றது. கடைசியில் காலையில் இலை, மாலையில் ஒரே ஒரு பிஸ்கட் என்று நான்தான் முடித்து வைத்தேன். கொழுத்த செவலையை டிஸ்க்கில் வாங்கி, அட்டை வைத்துக் கட்டி, சட்டைக்குள் வைத்துக்கொண்டார்.

சாரதாவிடம் முன்கூட்டிச் சொல்லவில்லை. கதவைத் திறந்தவள் அப்படியே நின்றாள். "அப்பா" என்றாள். குழந்தை இவரைப் பார்த்ததும் வீறிட்டு அழுதது. இவருக்கு அதிலும் பெருமை. "நல்ல லோரி ஆரன்" என்றார்.

லோரி கிளம்பும்போது, "நீ போ. நா ரெண்டு நா இருந்துட்டு வர்றேன்" என்றார்.

அக்டோபர் 27

வீடு சத்தமில்லாமல் இருக்கிறது. வேலம்மா கேட்கிறாள், "அண்ணே அங்கயே தங்கிட்டாரா?" எனக்குத் தெரிந்தால்தானே.

அக்டோபர் 29

காலையில் போன். பின்னால் குழந்தை கத்துகிற சத்தம்.

"நவம், நாளைக்கி லோரிய சாரதா வீட்டுப் பக்கம் அனுப்பாத. சரக்கப் போட்டுட்டு நாகப்பன் நேரா வரட்டும். நாங்க பஸ்ல வந்துக்குறோம்."

"நாங்கன்னா?"

"சாரதாவும் வர்றாளாம். பாப்பாவ நா மடியில வச்சுக்குவேன். மேல குளிருமில்ல, நல்ல கம்பளியா ஒண்ணு எடுத்து வை."

சரிங்க என்றேன்.

பின் அறையில் அடுக்கியிருந்த பூக்கூடைகளையெல்லாம் நானும் வேலம்மாவும் வெளியே எடுத்துப் போட்டுவிட்டுத் தரையைக் கழுவினோம். இன்னும் ஈரமாகத்தான் இருக்கிறது. நாளை மதியத்துக்குள் காய்ந்துவிடும்.