தட்டில் இருந்த இரண்டு போத்தல்

மார்ச் 4, செவ்வாய். நோன்பு 3

சகலருக்கும் அறியத் தருவது: ஜப்பானைப் பிறப்பிடமாகவும், கல்முனையில் எங்கள் வளவை வதிவிடமாகவும் கொண்ட வெள்ளைக் காரின் கியர் ஒயில் இன்று காலை பத்தரை மணியளவில் காலமானது. இளமையில் நிறம் சிவப்பு. இறக்கும்போது பிளேன்டீக் கறுப்பு. நல்லடக்கம் சனிக்கிழமை, மக்கீன் காக்காவின் கராஜில். மலர்வளையம் வேண்டாம். பழந்துணி போதும்.

இதை உரத்து வாசித்தேன். உம்மா அகப்பையோடு வந்தார். "நோன்பு நாளையில மௌத்து அறிவித்தலா உனக்கு விளையாட்டு? வாயக் கழுவு, போ!"

கார் முஸ்தாக் மச்சானுடையது. என் கூடப்பிறந்த மூத்தவள் ஹப்ஸா ராத்தாவின் மாப்பிள்ளை. வீடு ராத்தாவின் சீதனம், ஆகவே அவர் வீட்டுக்காரர், நான் ஓசிக்காரன். ஓட்டோமெட்டிக் கார். இரண்டு கிழமையாக டி கியர் போட்டால் மூன்று எண்ணும் வரை யோசித்துவிட்டுத்தான் நகர்கிறது. 

பகிடி இதோடு சரி. சீனி வருத்தம் முற்றி, வாப்பாவின் இரண்டு கிட்னியும் வேலை செய்வதில்லை. திங்களும் வியாழனும் காலை ஏழு மணிக்கு மட்டக்களப்பு ஆஸ்பத்திரியில், இரத்தம் சுத்திகரிக்கும் மெஷினில் படுத்திருக்க வேண்டும். பிந்தினால் அந்த இடம் அடுத்த நோயாளிக்கு. பஸ்ஸில் அவரால் இருக்க முடியாது. இந்தக் கார் ஓடும் வரைதான் — இந்த வரியை முடிக்க மாட்டேன்.

மார்ச் 5, புதன்

ஒயில் தெரிவு மாநாடு. தலைமை மெக்கானிக் மக்கீன் காக்கா. எதிர்க்கட்சி மச்சான்.

"சிவப்பு ஒயில் எல்லாம் சிவப்பு ஒயில்தானே காக்கா? பீப்பாவில அளந்து தாறாங்க, அது காணும்."

"உங்களுக்குக் காணும். காருக்குக் காணாது. இதுக்குரியதத்தான் ஊத்தோணும். பிழையா ஊத்தினா உள்ளுக்குப் பிடிக்கிற தட்டெல்லாம் வழுக்கிக் கருகும். எந்த வகையெண்டு புத்தகத்தில இருக்கும். புத்தகம் இருக்கா?"

இருந்தது. முழுக்க ஜப்பான் மொழி. மச்சான் தலைகீழாகப் பிடித்து வாசித்தார். இங்கேதான் நான் மேடைக்கு வந்தேன். ஃபோனால் படம் பிடித்து மொழிபெயர்த்தேன். முதல் தடவை, "விருந்தாளியைச் சூடாக்கிய பின் அளக்கவும்" என்று வந்தது. மூன்றாம் தடவை தெளிவாக: டைப் ஃபோர். ஒயில் மட்டம் பார்க்கும் அளவுக்கம்பியைத் துடைத்துப் பார்த்தோம். தேய்ந்த எழுத்தில் அதிலும் அதே.

காக்கா என் முதுகில் தட்டினார். "இவன்ட மூளை வாயில மட்டும் இல்ல."

பதினைந்து வயதில் ஒரு கியர் பெட்டியைக் காப்பாற்றியவன் இந்தக் கரையோரத்தில் வேறு யார்? பொத்துவில் வரை தேடட்டும்.

மார்ச் 8, சனி

மாற்றியாயிற்று. காரைச் சற்று ஓடிச் சூடாக்கி, கீழே ஆணியைக் கழற்றி, பழையதை வெற்றுத் தண்ணீர்ப் போத்தல்களில் பிடித்தார் காக்கா. வந்த அளவுதான் போக வேண்டுமாம். மூன்றரை லீட்டர் வந்தது. நான்கு புதுப் போத்தலின் சீலையும் எங்கள் முன்னாலேயே உடைத்து, நீளமான புனலால் மூன்றரை ஊற்றினார். பிறகு என்னை உள்ளே ஏற்றி, பிரேக்கை மிதித்துக்கொண்டு கியரை ஒவ்வொன்றாக நகர்த்தச் சொன்னார். டோர்ச் பிடித்ததும் நான்தான். பாதி வேலை என்னுடையது.

மிச்சம் அரைப் போத்தலை மச்சானிடம் கொடுத்தார். "கொஞ்ச நாள் ஓடிட்டுப் பாருங்க. சூட்டோட பாக்கோணும், விளங்கினா? குறைஞ்சிருந்தா மட்டும் இத ஊத்துங்க."

அரைப் போத்தல் கார்க் கொட்டிலின் சுவர்த் தட்டில் ஏறியது. வெற்றுப் போத்தல் ஒன்று என் சேர்ட்டுக்குள் ஏறியது. ஏனென்று நாளை.

மார்ச் 9, ஞாயிறு

இன்று சாதனை. போத்தலைச் சவர்க்காரம் போட்டு ஆறு தடவை கழுவி, றோஸ் சர்பத்தைத் தண்ணீர் கலக்காமல் ஊற்றினேன். அச்சு அசல் கியர் ஒயில். கடற்கரையில் நோன்பு திறக்கக் கூட்டாளிகள் எல்லோரும் பேரீச்சம்பழம் எடுத்தார்கள். நான் போத்தலைத் திறந்து கடகடவென்று குடித்தேன்.

முனாஸ் கத்தினான். "டேய் சாகப்போறான்! பிடிங்கடா!"

"எனக்கு இனி கியர் மாத்தத் தேவல்ல மச்சி. நானே ஓட்டோமெட்டிக்!"

வீடியோ வட்ஸ்அப் குறூப்பில் இருக்கிறது. பாதி மிச்சம். பெருநாளன்று இன்னொருவரை ஏமாற்றலாம். வீட்டுக்குள் கொண்டுபோக உம்மா விடவில்லை. "அந்தப் போத்தல் குசினிக்கு வரப்படாது!" சரி, கொட்டிலுக்கே போகட்டும். தட்டில் வைத்தேன்.

மார்ச் 10, திங்கள்

கார் வெண்ணெய். வாப்பா சொன்னார்: "இண்டைக்கு ரோட்டில போகல்ல, தோணியில போன மாதிரி." மச்சான் காருக்கு முத்தம் கொடுத்ததாக ராத்தா குற்றச்சாட்டு. எனக்கு ஒருவரும் கொடுக்கவில்லை. ஒயிலைத் தெரிவு செய்தவனை மறந்துவிட்டார்கள்.

மார்ச் 13, வியாழன்

கார் ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியில், ஓந்தாச்சிமடப் பாலத்துக்கு இந்தப் பக்கம் நின்றுவிட்டது. டி போட்டாலும் சத்தம் மட்டும், ஆர் போட்டாலும் சத்தம் மட்டும். வாப்பா முக்கால் மணித்தியாலம் ரோட்டோரக் கல்லில் இருந்திருக்கிறார். ஓட்டோ பிடித்துப் போய்ச் சேரும்போது இடம் போய்விட்டது. சனிக்கிழமை வரச் சொல்லியிருக்கிறார்கள்.

காலையில் மச்சான் அளவுக்கம்பியைப் பார்த்து, குறைவென்று மிச்ச ஒயிலை ஊற்றிக்கொண்டுதான் போனாராம். நான் அப்போது நல்ல தூக்கம். ஒன்றும் தெரியாது.

பின்னேரம் மச்சான் வாப்பாவைக் கைத்தாங்கலாகக் கூட்டி வந்தார். மற்றக் கையில் ஒரு சமோசாப் பொதி. "இந்தக் கலவரத்துக்குள்ள இது என்னத்துக்கு?" என்றாள் ராத்தா. மச்சான் அதை மேசையில் வைத்தார். நோன்பு திறந்தபோது ஒருவரும் அதைத் தொடவில்லை. நான் மூன்று தின்றேன்.

வாப்பாவின் கால் வீங்கத் தொடங்கிவிட்டது. விரலால் அமத்தினால் குழி நிற்கிறது.

மார்ச் 14, வெள்ளி

ஜும்ஆத் தொழுகைக்குப் பிறகு காரைக் கட்டி இழுத்துக் கராஜுக்குக் கொண்டுபோனோம். காக்கா அளவுக்கம்பியை இழுத்தார். நுனியில் இளஞ்சிவப்பு நுரை. ஃபலூடா மாதிரி.

மச்சான் காக்காவின் சேர்ட்டைப் பிடித்துவிட்டார். "தண்ணி கலந்த ஒயிலாடா ஊத்தினாய்? என்ட மாமா அங்க மூச்சு வாங்கிக் கிடக்கார்!"

"நோன்போட சொல்றன் முஸ்தாக். சீல் உடைச்சது உங்கட கண்ணுக்கு முன்னால. இது நான் ஊத்தினதில்ல."

"அப்ப ஆரு ஊத்தின? ஜின்னா?"

சனம் கூடிவிட்டது. எல்லோரும் என்னையும் பார்த்தார்கள். நான் சொன்னேன்: "மக்கீன் காக்கா ஊத்தினது மக்கின ஒயில்!"

சிரித்தார்கள். மச்சான்கூட ஒரு கணம். காக்கா மட்டும் என்னைப் பார்த்துக்கொண்டே நின்றார். வீட்டுக்கு வரும் முன்பே அந்த வரியைக் குறூப்பில் போட்டேன். நூற்றிருபது பேர் அதில்.

மார்ச் 15, சனி

விடிய, ஸுபஹு தொழுது முடியவில்லை. வாப்பாவுக்கு மூச்சு வரவில்லை. நெஞ்சுக்குள் தண்ணீர். அம்புலன்ஸ்.

மார்ச் 16, ஞாயிறு

தீவிர சிகிச்சைப் பிரிவு. ஒருவரைத்தான் உள்ளே விடுகிறார்கள். உம்மா வீட்டுக்கு வந்து குளித்துவிட்டுத் திரும்பப் போனார். பள்ளிவாசல் ஸ்பீக்கர் "அறிவித்தல்" என்று தொடங்கும்போதெல்லாம் அவருடைய கை அப்படியே நிற்கிறது.

கொட்டிலுக்குப் போனேன். தட்டில் ஒரு போத்தல்தான் இருந்தது. மூடியைத் திறந்து மணந்தேன்.

ஒயில்.

மார்ச் 17, திங்கள்

மச்சான் ஆஸ்பத்திரியில். "காக்கா என்ன செய்றான் எண்டு நிண்டு பாரு" என்று என்னை அனுப்பினார். நேற்றுப் பின்னேரமே கார் ஒயிலை வடித்து, பேசினில் விட்டிருந்தார் காக்கா. நான் போகும்போது அதன் பக்கத்தில் குந்தியிருந்தார்.

எறும்பு. சுவரோரமாக ஒரு வரிசை. பேசினின் விளிம்பைச் சுற்றிக் கறுப்பாக மொய்த்துக்கிடந்தது.

அவர் விளிம்பைத் தொட்டு இரண்டு விரலையும் ஒட்டிப் பிரித்தார். "ஒயில் வழுக்கும் மனே. இது ஒட்டுது." பிறகு தனக்குத்தானே சொன்னார்: "குளிர்ல பாத்திருப்பான். குளிர்ல குறைஞ்ச மாதிரித்தான் காட்டும். ஊத்தத் தேவையே இல்ல."

பின்னேரம் மச்சானுக்கு எடுத்துச் சொன்னாராம். "ஒயிலுக்கு எறும்பு வருதாம். பொய்யையும் ஒழுங்காச் சொல்லத் தெரியா" என்றார் மச்சான்.

நான் நிலத்தைப் பார்த்தேன். ஒரு பகிடிகூட வாயில் வரவில்லை. என் வாயில்!

மார்ச் 22, சனி

கராஜில் ஒரு வாகனமும் இல்லை. எதிர்க்கடைச் சின்னப் பொடியன்கள் பாட்டாகப் பாடுகிறார்கள்: மக்கீன், மக்கின, மக்கீன், மக்கின. தாளமும் நல்லாத்தான் இருக்கு.

மார்ச் 26, புதன்

வாப்பா வீட்டுக்கு வந்துவிட்டார். பக்கத்தில் ஒட்சிசன் சிலிண்டர். இதயம் பாதிதான் வேலை செய்கிறதாம். பழையபடி வராதாம். கக்கூசுக்கும் தூக்கித்தான் கொண்டுபோக வேண்டும். ஆஸ்பத்திரிக்கு இனி வாடகை வேன்.

மார்ச் 28, வெள்ளி

கராஜ் பூட்டு. மக்கீன் காக்கா பொத்துவிலில் யாரோ ஒருவருடைய கராஜில் கூலிவேலைக்குப் போய்விட்டாராம். பெருநாளைக்கு மூன்று நாள் இருக்கும்போது.

மார்ச் 29, சனி

சொல்லிட்டன். வாப்பாட கட்டிலடியில, மச்சானும் ராத்தாவும் நிக்கக்குள்ள. போத்தல், சர்பத், கடற்கரை, தட்டு, எல்லாம். அண்டைக்கு விடிய மச்சான் 'அந்தப் போத்தல எடுத்துத் தா' எண்டு கேட்டதையும், அரைத் தூக்கத்தில நான்தான் எடுத்துக் குடுத்ததையும். தூக்கம் எண்டு பதின்மூண்டாம் திகதி எழுதினது பொய். நான் எடுத்துக் குடுத்தது மச்சானுக்குத் தெரியும். போத்தல் ரெண்டு எண்டதுதான் தெரியாது.

அவர் அடிப்பார் என்று நினைத்தேன். வெளியே போய்விட்டார். அடித்திருக்கலாம்.

வாப்பா மாஸ்க்கைச் சற்று விலக்கினார். "எனக்கு மட்டுந்தான் சீனி வருத்தம் எண்டு நினைச்சன். காருக்குமா?"

ஒருவரும் சிரிக்கவில்லை. அவரும்தான். சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

மார்ச் 31, திங்கள். பெருநாள்

குறூப்பில் போட்டேன்: "மக்கீன் காக்கா ஊற்றியது நல்ல ஒயில். காருக்குள் போனது என் சர்பத். பிழை என்னுடையது. அவருடைய பேரைச் சொல்லிச் சிரித்தவர்கள் நிறுத்தவும்."

நாற்பத்தொரு சிரிப்பு முகம். "வீடியோ பாகம் ரெண்டா?" "மச்சி, உன்ட பகிடியில இதுதான் உச்சம்." இல்லையடா, உண்மை என்று எழுதினேன். அதற்கு இன்னும் பதினாறு சிரிப்பு.

முனாஸ் மட்டும் ஒன்றும் போடவில்லை. வீட்டுக்கு வந்து, வாசலில் நின்று, பெருநாள் இனிப்பான வட்டிலப்பத்தை ஒரு கிண்ணத்தில் தந்துவிட்டுப் போனான்.

ஏப்ரல் 3, வியாழன்

பஸ்ஸில் பொத்துவில் போனேன். காக்கா ஒரு வேனுக்கு அடியில் படுத்திருந்தார். இரண்டு கால்தான் வெளியே. காலுக்குத்தான் சொன்னேன். முகத்துக்குச் சொல்ல வந்திருக்காது.

முழுவதும் கேட்ட பிறகு அடியில் இருந்தபடியே கதைத்தார். "எறும்பு வந்த அண்டைக்கே இனிப்பு எண்டு தெரியும். ஆர்ட கை எண்டுதான் தெரியல்ல."

"நான் முஸ்தாக் மச்சானோட வந்து ஊருக்குச் சொல்றன் காக்கா."

"சொல்லு. சொல்லாட்டியும் இரி." ஸ்பானர் சத்தம். பிறகு: "அண்டைக்கு கார் போனாப்பிறகு உனக்கு ஞாபகம் வரல்லயா மனே? ஃபோன்ல ஒரு கோல் எடுத்திருந்தா பக்கத்தில மருதமுனையோட நிப்பாட்டியிருப்பான். நான் வந்து கழுவி ஊத்தியிருப்பன். ஒண்டும் ஆகியிராது. உன்ட வாப்பாவ வேற வாகனத்தில ஏத்தி நேரத்துக்கு அனுப்பியிருக்கலாம்."

"ஞாபகம் வரல்ல காக்கா" என்றேன்.

வந்தது.

இதை வாப்பாவிடம் சொல்லவில்லை, குறூப்பிலும் போடவில்லை. இங்கே மட்டும். கியர் பெட்டியைக் காப்பாற்றியவன், டோர்ச் பிடித்தவன், பாதி வேலைக்காரன் — அந்தப் பெரியவன் எழுதுகிறான்: அன்று விடிய கார் ஒழுங்கையால் திரும்பினதும் என் விரல் ஒன்றோடொன்று ஒட்டியது. மணந்து பார்த்தேன். றோஸ். ஐந்து நாற்பத்தாறுக்கு மச்சானுக்குக் கோல் எடுத்தேன். எடுத்தார்.

"சொல்லுடா, என்ன?"

ஏசுவார் எண்டு பயம். கொஞ்சச் சர்பத்தான, என்ன ஆகப்போகுது எண்டும் நினைச்சன். பின்னால வாப்பா இருமுற சத்தம் கேட்டது.

"ஒண்டுமில்ல மச்சான். வரக்குள்ள சமோசா வாங்கிட்டு வாங்க."

"சரிடா" என்றார். வாங்கிக்கொண்டும் வந்தார்.