அம்மிணியின் முதுகுவலி

பிப்ரவரி 9

மகள் ஸ்ரீலேகா புனேயிலிருந்து பம்பாய் வந்திருந்தாள். சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதே போனை நீட்டினாள். அம்மாவின் அறுபதுக்கு மகள் தரும் பரிசாம். வியட்நாமில் ஹுவே என்று ஒரு பழைய ராஜதானி. விமானம், ஹோட்டல் எல்லாம் புக் பண்ணியாகிவிட்டது. அதுவரை சரி. அங்கே இரண்டு நாள் மோட்டார் சைக்கிளில் ஊர் சுற்றல். ஆளுக்கு ஒரு வண்டி, உள்ளூர்க்காரர்கள் ஓட்டுவார்கள், நாங்கள் பின்னால் உட்காரவேண்டியது. கோட்டை, ராஜாக்களின் சமாதிகள், ஆறு, வயல்வெளி எல்லாவற்றையும் அப்படித்தான் பார்க்கவேண்டுமாம்.

"ஹெலிகாப்டர் கிடைக்கலையா?" என்றேன்.

"அப்பா, டென்ஷன் மத் லோ, கவலைப்படாதே. பக்கா சேஃப். அம்மா, நீ சொல்லு."

அம்மிணி சாதக் கரண்டியைப் பிடித்தபடி சிரித்தாள். வேண்டாம் என்பாள் என்று காத்திருந்தேன். "புடவையோட பின்னால உக்கார முடியுமோ?" என்று கேட்டாள். அவ்வளவுதான் கேட்டாள்!

நான் இன்ஷூரன்ஸ் கம்பெனியில் மோட்டார் கிளெய்ம்ஸ் பிரிவில் ரிடையரானவன். ஃபைலில் 'பின்சீட் பயணி' என்று ஒருத்தர் வருவார். ஓட்டியவனுக்குக் கையில் கட்டு இருக்கும், பின்சீட் பயணியின் போட்டோவுக்கு மாலை இருக்கும். அதனால்தான் இந்த வீட்டுக்கு ஒரு ஸ்கூட்டர்கூட வந்ததில்லை. இவர்களுக்கு என்ன தெரியும்?

பிப்ரவரி 10

பிபி மெஷின் காட்டிய எண்ணை இங்கே எழுதப்போவதில்லை. அம்மிணியிடமும் சொல்லவில்லை. சொன்னால் கஞ்சி, நடை, டாக்டர் என்று ஆரம்பித்துவிடுவாள்.

பிப்ரவரி 17

செய்துவிட்டேன்.

அந்த ஹுவே கம்பெனிக்கு மெயில் எழுதினேன். என் மனைவிக்கு முதுகுத்தண்டில் கோளாறு, டாக்டர் இரு சக்கர வண்டியில் ஏறக்கூடாது என்று சொல்லியிருக்கிறார், மோட்டார் சைக்கிளுக்குப் பதிலாகக் கார் ஏற்பாடு செய்யவும், இந்த விஷயத்தை அவளிடம் பேசவேண்டாம், வருத்தப்படுவாள். சாயங்காலமே பதில் வந்தது. மேடத்தின் முதுகுக்காக வருந்துகிறோம், கார் ரெடி.

பொய்யா? முழுப் பொய் என்று சொல்ல முடியாது. போன மழைக்காலத்தில் மார்க்கெட்டில் பையைத் தூக்கும்போது அவளுக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது. இரண்டு நாள் குனியாமல் நடந்தாள். அங்கே போய்க் காரைப் பார்த்தால், மழைக்காக மாற்றிவிட்டார்கள் போல என்று நினைத்துக்கொள்வாள். நானும் ஆச்சரியப்படுவேன்.

ராத்திரி நன்றாகச் சாப்பிட்டேன்.

பிப்ரவரி 26

அம்மிணி கிங்ஸ் சர்க்கிளில் ஒரு ஜோடி ஷூவும் இரண்டு சல்வாரும் வாங்கி வந்தாள். கல்யாணமான நாளிலிருந்து புடவையைத் தவிர வேறு எதையும் அவள் உடுத்திப் பார்த்ததில்லை. கண்ணாடி முன்னால் நின்று துப்பட்டாவை இழுத்து இழுத்து விட்டுக்கொண்டாள்.

பிற்பகலில் தூங்கி எழுந்து ஹாலுக்கு வந்தால், சோபாவின் கைப்பிடி மேல் இரண்டு பக்கமும் கால் போட்டு உட்கார்ந்திருக்கிறாள். "ஸ்ரீலேகா சொன்னா, இப்படித்தான் உக்காரணுமாம். எடது கால் தூக்கறதுதான் கஷ்டம். பழகிண்டா வரும்" என்றாள்.

செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போய், சயான் பக்கம் ஒரு கடையில் ஐ.எஸ்.ஐ. முத்திரை போட்ட ஹெல்மெட் இரண்டு வாங்கிவந்தேன். எதற்கு என்று எனக்கே தெரியவில்லை. சந்தேகம் வராமல் இருக்கட்டும் என்றுதான் இருக்கும்.

அம்மிணி பார்த்தாள். "நீங்களா வாங்கினேள்?" என்றாள். அப்புறம் உள்ளே போய், கேட்காமலே காப்பி போட்டுக்கொண்டு வந்தாள். என்ன மனுஷன்டா நீ.

மார்ச் 13, ஹுவே

வந்து சேர்ந்தோம். ஏர்போர்ட்டில் ஹெல்மெட் பையைத் திறக்கச் சொன்னார்கள். வரிசையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். அம்மிணி மட்டும் பெருமையாக, "எங்காத்து மாமா இன்ஷூரன்ஸ்ல இருந்தவர்" என்று யாரோ ஒரு தமிழ்ப் பெண்ணிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்.

ஊர் நடுவே அகலமான ஆறு. அக்கரையில் கோட்டைச் சுவர், கறுத்து, பாசி பிடித்து. தெருவெல்லாம் பைக்தான். ஒருத்தன் பின்னால் ஒரு பீரோவையே கட்டிக்கொண்டு போகிறான். தலையில் தேங்காய் மூடி மாதிரி ஒன்று, அதற்குப் பெயர் ஹெல்மெட்!

அம்மிணி பால்கனியை விட்டு நகரவில்லை. நாளை காரடையான் நோன்பு. புருஷன் பிரியாமல் இருக்கவேண்டும் என்று பட்டினி கிடந்து மஞ்சள் சரடு கட்டிக்கொள்கிற நாள். சரடைப் பெட்டியில் பத்திரமாகக் கொண்டுவந்திருக்கிறாள். அடைக்கு வழியில்லை, வெண்ணெயும் வாழைப்பழமும் போதும் என்றாள். "நாள் முழுக்க வண்டி, சாயங்காலம் நோன்பு. நன்னா அமைஞ்சிருக்கு பாருங்கோ."

நான் கீழே தெருவைப் பார்த்தேன்.

மார்ச் 14, காலை, ஹோட்டல் லாபி

எழுதினாலாவது மனசு அடங்குமா பார்க்கிறேன்.

கார் வந்தது. கூடவே கைடு ஹான் தன் பைக்கில் வந்தாள். முப்பது வயதிருக்கும், சிரித்த முகம். அம்மிணி சல்வாரும் ஷூவுமாக ஹெல்மெட்டை இடுப்பில் அணைத்துக்கொண்டு வாசலில் நிற்கிறாள். அந்தப் பெண் நேராக வந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டு, மேடம், முதுகு இப்போது எப்படி இருக்கிறது, கவலையே வேண்டாம், காரில் குஷன் வைத்திருக்கிறேன் என்கிறாள். பேசவேண்டாம் என்று எழுதியிருந்தேனே. மறந்துவிட்டாள். நல்ல மனசு, மறந்துவிட்டாள்.

என் முதுகுக்கு ஒன்றுமில்லையே, யார் சொன்னது என்று இங்கிலீஷில் கேட்டாள் அம்மிணி. ஹான் என்னைப் பார்த்தாள். அம்மிணியும் பார்த்தாள்.

கத்தியிருந்தால் தேவலை. மெதுவாகத்தான் பேசினாள். "கொடைக்கானலுக்கு எல்லாரும் போனப்போ எனக்கு வீஸிங். ஷீரடிக்கு எனக்கு சுகர். இங்கே முதுகு. எனக்கு வந்த சீக்கெல்லாம் நீங்க எழுதினதாக்கும்."

"அம்மிணி, நான் உன் நல்லதுக்கு—"

"இனிமே எனக்கு எங்கே வலிச்சாலும் உங்ககிட்ட சொல்லமாட்டேன். கேட்டேளா? இன்னியோட சரி."

ஹானின் வண்டியில் ஏறினாள். முதல் தடவை இடது கால் தாண்டவில்லை. இரண்டாவது தடவை தாண்டியது. சோபாவில் பழகினதுதான். திரும்பிப் பார்க்கவில்லை. போயே போய்விட்டாள்.

கார் டிரைவர் எனக்குக் கதவைத் திறந்து பிடித்தான். போய் என்ன பண்ண? தனியாக எந்த ராஜா சமாதியைப் பார்க்க? அனுப்பிவிட்டேன்.

காலையிலிருந்து அவள் எதுவும் சாப்பிடவில்லை. நோன்பு. பட்டினியில் தலை சுற்றினால்? போன் எடுக்கமாட்டேன் என்கிறாள். தூறல் வேறு ஆரம்பித்துவிட்டது. ஈர ரோடு, மண் தடம், பின்சீட் பயணி—

வேண்டாம், நிறுத்து.

அதே நாள், மத்தியானம்

ஹோட்டல்காரம்மா நடைபாதையில் ஒரு சின்ன மேஜை போட்டுப் பூவும் பழமும் வைத்து ஊதுபத்தி ஏற்றினாள். இன்று பௌர்ணமி, ஊரே சைவம்தான் சாப்பிடும், எந்தக் கடையிலும் பயமில்லாமல் சாப்பிடலாம் என்றாள். இதைக் கேட்டால் சந்தோஷப்படக்கூடியவள் இங்கே இல்லை.

இன்னும் போன் எடுக்கவில்லை. ஸ்ரீலேகாவைக் கூப்பிடலாமா? கூப்பிட்டு என்னவென்று சொல்வது?

சர்வீஸ் முழுக்க அடுத்தவன் டிக்ளரேஷனில் பொய் கண்டுபிடித்தவன் நான். வண்டியைப் பற்றியோ உடம்பைப் பற்றியோ பொய் எழுதினால் பாலிசி செல்லாது. இதைவிட எளிய விதி கிடையாது.

அதே நாள், சாயங்காலம்

வந்துவிட்டாள்! வாசலில் வண்டிச் சத்தம் கேட்கும் ஒவ்வொரு தடவையும் எழுந்து எழுந்து உட்கார்ந்ததில் ஹோட்டல்காரம்மா என்னைப் பார்த்துப் பயந்தே போய்விட்டாள்.

முகமெல்லாம் வெயிலும் தூறலும். சல்வாரில் சேறு. குளித்துப் புடவை கட்டிக்கொண்டு, ஜன்னலோரம் வெண்ணெயும் பழமும் வைத்து உட்கார்ந்தாள். பஞ்சாங்கத்தில் போட்டிருப்பது பம்பாய் நேரமா, இந்த ஊர் நேரமா என்று எனக்குக் குழப்பம். கேட்க வாய் வரவில்லை. சரடு கட்டிக்கொள்வாளா என்பதே தெரியவில்லை.

கட்டிக்கொண்டாள். வருஷா வருஷம் நான்தான் முடிச்சுப் போடுவேன். இந்தத் தடவை கிட்டே போகத் தைரியமில்லை. இரண்டு கையையும் கழுத்துக்குப் பின்னால் தூக்கி அவளே முடிந்தாள். அப்போதுதான் பார்த்தேன். முழங்கையில் புதுப் பிளாஸ்திரி. கையைத் தூக்கும்போது முகம் ஒரு தரம் சுருங்கியது.

"அம்மிணி, என்னது அது? விழுந்தியா? எங்கே?"

"ஒண்ணுமில்லை."

முழங்கையில் பிளாஸ்திரி, ஒண்ணுமில்லையாம். நானும்தான் கேட்கிறேன், என்னிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்வாள்? ஹானிடமா?

ஐயோ. நிஜமாகவே சொல்லமாட்டாள் போலிருக்கிறதே.

மார்ச் 15

பைக்கில் ஏறினேன். ஐ.எஸ்.ஐ. ஹெல்மெட்டோடுதான்.

எனக்கு ஓட்ட ஹான் கூட்டிவந்தவன் பெயர் மின். மெலிந்த ஆள். முதல் வளைவிலேயே அவன் சட்டையைக் கொத்தாகப் பிடித்துவிட்டேன். அம்மிணி முன்னால் ஹானின் வண்டியில். ஆற்றங்கரை, கோட்டை வாசல், பைன் மரத்துக்கு நடுவே ஒரு ராஜாவின் சமாதி, எல்லாம் பார்த்தோம். ராஜா உயிரோடு இருக்கும்போதே குளம், மண்டபம் எல்லாம் வைத்துத் தன் சமாதியைக் கட்டிக்கொண்டு அங்கேயே உட்கார்ந்து பொழுது போக்குவானாம். ஹான் சொன்னபோது அம்மிணி சட்டென்று என் பக்கம் திரும்பினாள். சிரிக்கவில்லை. ஆனால் திரும்பினாள்.

பிறகு வயல். இரண்டு பக்கமும் பச்சை, நடுவில் சிமெண்ட் பாதை, நம் கட்டட நடைவழி அகலம்தான் இருக்கும். எதிரே எருமை வந்தால் எருமைதான் முதலில் போகும். கார் இங்கே வந்திருக்கவே முடியாது. இதைத்தான் அவள் பார்க்கக்கூடாது என்று மெயில் எழுதினேன்.

பயம் போய்விட்டது என்று எழுத ஆசைதான். போகவில்லை. ஒரு நிமிஷம்கூடப் போகவில்லை. வாய்க்கால் வந்தபோதெல்லாம் கண்ணை மூடினேன். திறந்தபோதெல்லாம் முன்னால் அவள் முதுகு தெரிந்தது. நேராகத்தான் இருந்தது.

ஓடு வேய்ந்த ஒரு பழைய மரப்பாலத்தில் நிறுத்தினார்கள். இரண்டு பக்கமும் உட்காரப் பலகை, கீழே வாய்க்கால். அம்மிணி ஒரு கிழவியோடு ஜாடையில் பேசிக்கொண்டிருந்தபோது ஹான் என்னிடம் வந்தாள். நேற்று ஊதுபத்தி செய்யும் கிராமத்துச் சந்தில், ஈரத்தில், வண்டி மெதுவாகச் சரிந்ததாம். மேடம் சொல்லவேண்டாம் என்றார்கள், ஆனால் எனக்கு மனசு கேட்கவில்லை, மன்னிக்கவேண்டும் என்றாள்.

என்ன வேகம், யார் மேல் தப்பு, இடுப்பில் பட்டதா, எக்ஸ்ரே எடுத்தார்களா, எல்லாக் கேள்வியும் வாய்க்கு வந்தது. ஒன்றும் கேட்கவில்லை. 'நான் அப்போதே சொன்னேனே' என்பது மட்டும் பல்லுக்குப் பின்னால் வந்து நின்றது. அதையும் முழுங்கினேன். முழுங்குவது லேசாக இல்லை.

அம்மிணி பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். "காருக்கு எழுதினது தப்பு" என்றேன்.

"ம்."

"கை வலிக்கறதா?"

"இல்லை."

மார்ச் 20

மாட்டுங்கா வீட்டுக்கு வந்து மூன்று நாள் ஆகிறது. ஸ்வாமி விளக்கின் முன்னாலிருந்து எழுந்திருக்கும்போது அம்மிணி சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்திருக்கிறாள். போன மாசம் பிடித்ததில்லை. குளிக்கிற அறையிலிருந்து தைல வாசனை வருகிறது. கதவைத் தாழ் போட்டுக்கொண்டு தேய்த்துக்கொள்கிறாள். கை எட்டுமா அவளுக்கு?

நான் கேட்கவில்லை. கேட்டால் 'ஒண்ணுமில்லை' வரும். அதை இன்னொரு தரம் கேட்க என்னால் ஆகாது.

மார்ச் 24

காலையில் காப்பியைக் கொடுத்தாள். "எனக்கு பிபி ஜாஸ்தியா இருக்கு" என்று சொல்லிவிட்டேன். யோசித்தெல்லாம் சொல்லவில்லை.

"எப்போலேந்து?"

"பிப்ரவரிலேந்து."

"என்கிட்ட ஏன் சொல்லலை?"

"சொன்னா நீ கஞ்சி குடிக்க வெப்பே."

அவள் முகம் சிவந்துவிட்டது. "நன்னா இருக்கு. ரொம்ப நன்னா இருக்கு!" என்று டம்ளரைப் பிடுங்கிக்கொண்டு உள்ளே போனாள். பாதிக் காப்பி அதில் இருந்தது. மத்தியானம் உப்பில்லாத கூட்டு. சாயங்காலம் டாக்டர். கிளினிக் வாசல் பெஞ்சில் உட்கார்ந்திருக்கும்போது, அவள் இடுப்பைப் பற்றி இப்போதாவது சொல்வாள் என்று பார்த்தேன். சொல்லவில்லை.

ஏப்ரல் 9

செம்பூரிலிருந்து என் தங்கை ருக்கு போன் பண்ணினாள். அவள் பஜனை மண்டலிப் பெண்கள் ஞாயிற்றுக்கிழமை மாத்தேரான் போகிறார்களாம். அங்கே வண்டி கிடையாது, மலையில் நடக்கவேண்டும். "அண்ணா, மன்னிக்கு முடியுமோ? ஒடம்பு எப்படி இருக்கு? இல்லைன்னா அவ பேரை விட்டுடறேன்."

வாயில் முதுகு வந்துவிட்டது. சத்தியமாக, நுனி நாக்கு வரை வந்துவிட்டது. இந்தத் தடவை பொய்கூட இல்லையே! சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்திருக்கிறவள் மலையில் எப்படி நடப்பாள்?

"அண்ணா? லைன்ல இருக்கியா?"

"அவகிட்டயே கேளு" என்றேன். சமையலறைக்குப் போய் போனை அவள் கையில் கொடுத்தேன். கொத்தமல்லி ஆய்ந்த கை, ஈரம். போனை வாங்காமல் முதலில் என்னைப் பார்த்தாள்.

அப்புறம் வாங்கி, "சொல்லுடி ருக்கு" என்றாள். நான் ஹாலுக்கு வந்துவிட்டேன். என்ன பதில் சொன்னாள் என்று காதில் விழவில்லை.

ஏப்ரல் 12

நாளை விடியற்காலையில் கிளம்புகிறாள். ஷூவைத் துடைத்து வாசலில் வைத்திருக்கிறாள்.

விளக்கேற்றிவிட்டு வந்து, தைல பாட்டிலை என் பேப்பர் மேல் வைத்தாள். சோபாவில் எனக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தாள்.

"இடுப்பு வலிக்கறது. அங்கே விழுந்ததுலேந்து. இதோ, எடது பக்கம். எனக்குக் கை எட்டலை."

பாட்டில் மூடி திறக்கவரவில்லை. வேட்டி நுனியால் பிடித்துத் திறந்தேன். தேய்த்தேன். டாக்டர், எக்ஸ்ரே, மாத்தேரான் ஏற்றம், ஒன்றுமே பேசவில்லை.

"நாளைக்கு நான் போறேன்" என்றாள்.

"சரி" என்றேன்.

"இன்னும் கொஞ்சம் கீழே."

கொஞ்சம் கீழே தேய்த்தேன்.