சுடாத சேவல்

அன்புள்ள அப்பா, அம்மாவுக்கு,

கர்த்தரின் கிருபையால் இங்கே சுகமாக இருக்கிறேன். அப்பாவின் முழங்கால் நோ குறைந்ததா? அம்மா, பிரஷர் குளிசையை மறக்காமல் போடுகிறீர்களா?

இனித் துவக்கைப் பற்றி எழுதப்போகிறேன், பயப்படாதீர்கள். வேட்டைப் பரீட்சையில் பாஸாகிவிட்டேன். வகுப்பில் ஒரே தமிழ்ப்பிள்ளை நான்தான்.

சனிக்கிழமை, நான் இருக்கிற வைலே நகரத்துக்கு வெளியே எனக்கு முதல் வேட்டை. ஃபசான் என்ற காட்டுக்கோழியில் ஜனவரி மாதம் சேவலை மட்டும்தான் சுடலாம், பேட்டைச் சுடக்கூடாது. நாய்கள் பற்றையைக் கலைக்க, ஒன்று என் தலைக்கு மேலே எழும்பிப் பறந்தது. வெயில் கண்ணில் அடித்ததால் சேவலா பேடா என்று தெரியவில்லை. துவக்கைத் தாழ்த்திவிட்டேன். அது சேவல்தான் என்று சொல்லிப் பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது.

பின்னேரம் சுட்டவற்றைப் புல்லில் வரிசையாகக் கிடத்தினார்கள். வேட்டைக்குப் பொறுப்பான ஹென்னிங் இரண்டு சேவல்களைத் தூக்கி முதலில் என்னிடம் தந்தார்.

"அடுத்த வருசம் நீ எனக்குப் பக்கத்திலதான் நிக்கவேணும். தெரியாமல் சுடுற ஆக்களுக்குப் பக்கத்தில நிக்க எனக்குப் பயம்," என்றார். பிறகு ஒருவரும் சிரிக்கவில்லை.

அம்மா, வறுத்த மிளகாய்த்தூள் கொஞ்சம் அனுப்புங்கள். ஒரு சேவலைச் சமைத்து மூன்று நாளாகத் தனியச் சாப்பிடுகிறேன். மற்றது பிரீசரில் கிடக்கிறது.

வேலைக்கு பஸ் வரப்போகிறது, நிறுத்துகிறேன். அப்பா, சின்ன வயதில் துவக்குச் சத்தம் கேட்டால் என்னைக் கட்டிலுக்குக் கீழே தள்ளிவிடுவீர்கள். சனிக்கிழமை முழுக்க நான் நிமிர்ந்தே நின்றேன்.

உங்கள் மகள்,
மிரியம்